ஒரு வாக்கியத்தின் மறுபாதி

தொலைக்காட்சியில் நான் பேசிய ஒரு வாக்கியத்தைக் கேட்டுவிட்டு, கிள்ளானிலிருந்து ஓர் அம்மாள் பஸ் ஏறி வந்து கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் என் வீட்டுக் கதவைத் தட்டினார். போஸ்னியாவில் சண்டை நடந்துகொண்டிருந்த காலம் அது. நம் நாட்டுப் படை ஒன்று அமைதி காப்பதற்காக அங்கே போய்ச் சில மாதங்கள் ஆகியிருந்தன.

ஞாயிற்றுக்கிழமை காலை. துவைத்த துணிகளைக் கொடியில் போட்டுக்கொண்டிருந்தேன். கதவைத் திறந்தபோது ஐம்பது வயதைத் தாண்டிய ஒரு பெண் மூன்று மாடி ஏறிய மூச்சிரைப்போடு நின்றார். கையில் ஒரு பிளாஸ்டிக் பை. என் முகத்தை உற்றுப் பார்த்து, ஆள் நான்தான் என்று உறுதி செய்துகொண்டார்.

“டிவியில பேசுன ஜெர்மன் டீச்சர் நீங்கதானே? கீழ சேலைக் கடையில கேட்டேன். மூணாவது மாடின்னாங்க.”

“நான்தான். உள்ள வாங்க.”

அவர் உள்ளே வரவில்லை. வாசலில் நின்றபடியே கேட்டார்.

“எம்புள்ள அங்க கையைக் கட்டிக்கிட்டு நிக்கிறான்னு சொன்னீங்களே. நீங்க போய்ப் பாத்தீங்களா?”

எனக்கு முதலில் ஒன்றும் பிடிபடவில்லை. பிறகுதான் விளங்கியது. முந்தின வாரம் மலாய் மொழியில் ஒளிபரப்பான ஓர் ஆவணப்படத்தில் நான் இரண்டு நிமிடம் பேசியிருந்தேன். அதை நான் பார்க்கவில்லை. அந்த நேரத்தில் எனக்கு வகுப்பு இருந்தது.

வற்புறுத்தி அழைத்த பிறகு அவர் உள்ளே வந்து நாற்காலியின் விளிம்பில் உட்கார்ந்தார். கிள்ளானில் ஒரு பள்ளிக்கூடக் கேண்டீனில் சமைப்பவர். கணவர் இல்லை. ஒரே மகன் ராணுவத்தில் லோரி ஓட்டுகிறான். படையோடு போஸ்னியாவுக்குப் போயிருந்தான். படம் வந்த மறுநாள், கேண்டீனில் உடன் வேலை செய்யும் ஒருத்தி கேலியாகக் கேட்டிருக்கிறாள், சும்மா நிற்பதற்கா உன் மகன் அவ்வளவு தூரம் போனான் என்று. அவர் வெங்காயத்தை நறுக்கி முடித்திருக்கிறார். ஆறு நாள் யோசித்துவிட்டுப் பஸ் ஏறியிருக்கிறார்.

“எனக்குப் படிப்பு இல்ல டீச்சர். நீங்க படிச்சவங்க. படிச்சவங்க சொன்னா எல்லாரும் நம்பிடுவாங்க. அதான் கேக்க வந்தேன்.”

“நான் அப்படி மட்டும் சொல்லலம்மா. அதுக்கு அப்புறமும் சொன்னேன்.”

“அப்புறம் சொன்னது வரலியே.”

தேநீர் போட்டுக் கொடுத்தேன். பாதி குடித்தார். நான் கேட்டதும் வீட்டு முகவரியைச் சொன்னார். மகனுடைய கடிதங்களைப் பையில் கொண்டுவந்திருந்தார், ஆனால் எடுத்துக் காட்டவில்லை. போகும்போது, “நீங்க கெட்டவங்க மாதிரி தெரியல” என்று மட்டும் சொல்லிவிட்டுப் படி இறங்கினார். அந்தச் சொல் என்னை உறுத்தியதுபோல் வேறெதுவும் அந்த ஆண்டு உறுத்தவில்லை.

ஜெர்மன் டீச்சர் எப்படித் தொலைக்காட்சியில் போரைப் பற்றிப் பேச வந்தாள் என்பதைச் சொல்ல வேண்டும். என் அப்பா ரயில்வே பட்டறையில் வேலை பார்த்தவர். பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குடியிருப்பில்தான் நான் வளர்ந்தேன். எழுபதுகளின் நடுவில் ஓர் உதவித்தொகை கிடைத்து மேற்கு ஜெர்மனிக்குப் போனேன். அப்போது பான் நகரம் அவர்களுடைய தலைநகரம். முதலில் மொழி படித்தேன், பிறகு அரசியல். ஆய்வுக்கு நான் எடுத்துக்கொண்டது அவர்களுடைய வெளியுறவுக் கொள்கை. இரண்டு உலகப் போர்களில் தோற்ற ஒரு நாடு, தன் சிப்பாய்களை எல்லைக்கு வெளியே அனுப்புவதில்லை என்று பிடிவாதமாக இருந்தது. அந்தப் பிடிவாதம் எப்படி வந்தது, எவ்வளவு நாள் நிற்கும் என்பதுதான் என் கேள்வி.

எண்பதுகளின் தொடக்கத்தில் அங்கே அணு ஏவுகணைகளுக்கு எதிராகப் பெரிய பெரிய ஊர்வலங்கள் நடந்தன. நானும் ஒன்றில் போய் நின்றேன். எனக்கு முன்னால் ஒரு பெண் தூக்கிப் பிடித்திருந்த துணியில் இரண்டு வரி எழுதியிருந்தது. இனி ஒருபோதும் போர் வேண்டாம். இனி ஒருபோதும் கொலைக்கூடங்கள் வேண்டாம். கொலைக்கூடம் என்றது, இரண்டாம் உலகப் போரில் அவர்கள் நாடு மனிதர்களை அடைத்துக் கொன்ற முகாம்களை. அன்றைக்கு இரண்டும் ஒரே வாக்கியம்போலத்தான் இருந்தன. பத்து ஆண்டு கழித்து போஸ்னியாவில் ஊர் ஊராக மனிதர்களைப் பிரித்து அடைத்தபோது, இரண்டு வரிகளும் எதிரெதிர்த் திசையில் இழுக்க ஆரம்பித்தன. கொலைக்கூடம் வேண்டாம் என்றால் ஒருவேளை ஆயுதத்தோடு போக வேண்டியிருக்கும். போர் வேண்டாம் என்றால் போகக் கூடாது. என் நண்பர்கள் ஜெர்மனியில் ஒரே வீட்டுக்குள் சாப்பாட்டு மேசையில் இதற்காகச் சண்டை போட்டுப் பிரிந்ததைக் கடிதங்களில் எழுதினார்கள்.

பட்டம் வாங்கிக்கொண்டு எண்பதுகளின் நடுவில் திரும்பி வந்தபோது கோலாலம்பூரில் அந்தப் படிப்பு யாருக்கும் தேவைப்படவில்லை. அப்பா அப்போது ஓய்வு பெற்றிருந்தார்.

“ஜெர்மன்காரன் வெளிநாட்டுக்கு என்ன பண்றான்னு படிச்சிட்டு வந்திருக்க. அத வச்சி இங்க என்ன பண்ணுவ?” என்று கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். கிள்ளான் துறைமுகத்துக்கு அருகே இருந்த ஒரு ஜெர்மன் தொழிற்சாலையின் பொறியாளர்களுக்கு மொழி கற்றுக்கொடுக்கப் போனேன். மாலையில் வேறு வகுப்புகள். அப்படியே சில ஆண்டுகள் ஓடின. அப்பா இறந்துபோனார்.

பிறகு பெர்லின் சுவர் விழுந்தது. இரண்டு ஜெர்மனியும் ஒன்றாயின. அதற்கு அடுத்து யூகோஸ்லாவியா உடைந்தது. திடீரென்று எல்லாரும் ஜெர்மனியைப் பற்றிக் கேட்டார்கள். பங்சாரில் ஒரு சாப்பாட்டுக் கடைக்கு மேல் மாடியில் சிறிய படநிறுவனம் வைத்திருந்த ஒரு தமிழ்த் தயாரிப்பாளர் என்னைத் தேடிப் பிடித்தார். தொலைக்காட்சிக்கு ஆவணப்படங்கள் செய்து கொடுப்பவர், என்னைவிட ஏழெட்டு வயது இளையவர். அக்கா என்றுதான் கூப்பிடுவார்.

“நீங்க சின்னச் சின்ன வாக்கியமா பேசுறீங்க அக்கா. ரொம்பப் பேருக்கு அது வராது” என்றார்.

எனக்கு அது பிடித்திருந்தது. எட்டு ஆண்டுகள் படித்ததை முதல் முறையாக ஒருவர் கேட்கிறார். ஜெர்மனி ஏன் குரோவேஷியாவை அவ்வளவு அவசரமாக அங்கீகரித்தது, அமைதிப் படைக்குச் சுட அனுமதி உண்டா, ஆயுதத் தடை யாருக்குச் சாதகம் என்று பல படங்களில் பேசினேன். எனக்குப் பின்னால் ஒரு புத்தக அலமாரி தெரியும். அது தயாரிப்பாளருடையது. அதில் பாதி சட்டப் புத்தகங்கள். முகத்துக்குக் கீழே ‘ஆய்வாளர்’ என்று எழுத்து ஓடும். பாசாரில் மீன்காரர்கூட “நேத்து பாத்தேன் மேடம்” என்பார். மறுக்காமல் சொல்கிறேன், எனக்கு அது இனித்தது.

கிள்ளான் அம்மாள் வந்துபோன மறுநாள் திங்கட்கிழமை, வகுப்பை ரத்து செய்துவிட்டு பங்சாருக்குப் போனேன். தயாரிப்பாளர் வெளியே போயிருந்தார். படத்தொகுப்பு அறையில் ஒரு சீனப் பெண் மட்டும் இருந்தார். அவர்தான் எல்லாப் படங்களையும் வெட்டி ஒட்டுபவர். அதிகம் பேசாதவர். நான் பேசியதன் முழு டேப்பைப் போடச் சொன்னேன். ஒரு நிமிடம் தயங்கினார். பிறகு எழுந்து தேடி எடுத்துப் போட்டார்.

திரையில் நான். நான் சொன்னது இது: “அமைதிப் படை என்பது கையைக் கட்டிக்கொண்டு நிற்கும் படை. கையைக் கட்டியது அந்தச் சிப்பாய் அல்ல. அவனை அங்கே நிறுத்திவிட்டு, என்ன செய்யலாம் என்று சொல்லாத தலைநகரங்கள். பான் நகரம் அதிலும் ஒரு படி மேலே. அது எல்லாருக்கும் யோசனை சொல்லியது, தன் சிப்பாயை அங்கே நிறுத்தவில்லை.”

ஒளிபரப்பான படத்தையும் போட்டுக் காட்டினார். முதல் வாக்கியம் மட்டும் இருந்தது. அடுத்த காட்சியில் நம் நாட்டுப் படையினர் ஒரு கவச வண்டிக்கு அருகில் நின்றுகொண்டிருந்தார்கள். ஒருவன் உண்மையிலேயே கைகளை மார்போடு சேர்த்துக் கட்டியிருந்தான். குளிராக இருந்திருக்கும்.

எனக்குக் கோபம் வந்தது. முழு டேப்பை இன்னொரு முறை போடச் சொன்னேன். இந்த முறை வேறொன்றைப் பார்த்தேன். முதல் வாக்கியத்தை முடித்ததும் நான் லேசாகச் சிரித்திருக்கிறேன். அழகான வாக்கியம் ஒன்று வந்து விழுந்துவிட்டது என்ற சிரிப்பு. அதற்குப் பிறகு ஒரு சின்ன இடைவெளி விட்டிருக்கிறேன். வெட்டுவதற்கு வசதியாக நானே இடம் கொடுத்திருக்கிறேன்.

அந்தச் சீனப் பெண் என்னைப் பார்க்காமல் ஆங்கிலத்தில் சொன்னார், “நீங்கள் நிறுத்தினீர்கள். நான் அங்கே வெட்டினேன்.” அதில் குற்றச்சாட்டு இல்லை. நடந்ததைச் சொன்னார், அவ்வளவுதான்.

தயாரிப்பாளர் வந்து சேர்ந்ததும், அம்மாள் வந்துபோனதைச் சொல்லி, திருத்தம் வெளியிட வேண்டும் என்றேன்.

“அக்கா, அது ஓடி முடிஞ்சிருச்சி லா. திருத்தம்லாம் யாரும் போட மாட்டாங்க. ரெண்டாவது பாதி நீளம், பான் அது இதுன்னு. பாக்குறவங்களுக்கு அது தேவையில்ல.”

“முதல் பாதி பொய் இல்லதான். ரெண்டாவது பாதி இல்லாம அது பொய்யாயிடுச்சி.”

“ஒரு அம்மா வந்து அழுதாங்கன்னு…”

“அவங்க அழல. கேட்டாங்க. இனிமே வெட்டி முடிச்சத நான் பாத்து சரி சொன்னாத்தான் என் முகம் படத்துல வரும்.”

அவர் சிரித்தார். அமைச்சர்களுக்கே அந்த உரிமை கொடுப்பதில்லை என்றார். அப்படியானால் நான் வரவில்லை என்று சொல்லிவிட்டு இறங்கினேன். படிக்கட்டில் சாம்பார் வாசனை அடித்தது. மதியச் சாப்பாட்டுக் கூட்டத்தைத் தாண்டி வெளியே வந்தபோது, நான் விட்டுவிட்டு வந்தது எதுவென்று நன்றாகத் தெரிந்தது. மீன்காரர் இனி என்னைத் திரையில் பார்க்கப்போவதில்லை. ஆனாலும் திரும்பி ஏறத் தோன்றவில்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை கிள்ளானுக்குப் பஸ் ஏறினேன். அந்த அம்மாளின் வீடு அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றில் தரைத்தளம். என்னைப் பார்த்ததும் ஆச்சரியப்பட்டார், ஆனால் காட்டிக்கொள்ளவில்லை. டேப்பில் பார்த்ததை அப்படியே சொன்னேன். அவர்கள் வெட்டியதையும் சொன்னேன், நான் சிரித்ததையும் சொன்னேன். இரண்டாவதைச் சொல்லாமல் விட்டிருக்கலாம். பஸ்ஸில் வரும்போது விட்டுவிடலாமா என்றும் யோசித்தேன்.

“நல்லா பேசினா எல்லாருக்கும் ஒரு சந்தோஷம் வரத்தான் செய்யும்” என்றார். பிறகு உள்ளே போய்க் கடிதங்களை எடுத்து வந்து என் முன்னால் வைத்தார். “படிங்க. அவன் சும்மா நிக்கிறானான்னு நீங்களே பாத்துக்குங்க.”

மகனுடைய எழுத்து பள்ளிப் பிள்ளையின் எழுத்துபோல் உருண்டையாக இருந்தது. சாப்பாடு பரவாயில்லை, குளிர் அதிகம், இரண்டு காலுறை போட்டுக்கொள்கிறேன், அம்மா மாத்திரை போடவும். எல்லாக் கடிதமும் அதுதான். போரைப் பற்றி ஒரு வரி இல்லை. எட்டு ஆண்டு படித்த எனக்குத் தெரியாதது அந்தக் காலுறைகளுக்குள் இருந்தது. அவன் திரும்பி வந்ததும் நான் வந்து பேசலாமா என்று கேட்டேன். “வாங்க. ஆனா அவன் பேசுவானான்னு தெரியாது” என்றார்.

அவன் சில மாதங்களில் திரும்பி வந்தான். நான் போனபோது வாசலில் மோட்டார் சைக்கிளின் சங்கிலிக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தான். இருபத்தாறு, இருபத்தேழு வயது. அம்மா என் வாக்கியத்தைப் பற்றி அவனிடம் ஏற்கெனவே சொல்லியிருந்தார்.

“நீங்க சொன்னது முழுசா தப்பில்ல அக்கா” என்றான். “நாங்க சுடக் கூடாது. எங்களைச் சுட்டாத்தான் நாங்க சுடலாம். அதானே சொன்னீங்க.”

“அங்க என்ன வேலை செஞ்சீங்க?”

“தண்ணி லோரி. மலை மேல ஒரு கம்பம், சின்ன கிராமம். கிணத்துல ஏதோ விழுந்து கெட்டுப் போயிருந்திச்சி. நாங்கதான் தண்ணி கொண்டு போவோம்.”

வழியில் ஆயுதம் ஏந்திய சிலர் சாலையை மறித்துக் காவல் போட்டிருந்தார்கள். எந்தத் தரப்பு என்று அவன் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. ஒரு நாள் லோரியை நிறுத்தி, தண்ணீரைக் கொட்டச் சொன்னார்கள். அவனோடு இருந்த அதிகாரி பேசிப் பார்த்தார். அவர்கள் துப்பாக்கியைத் தூக்கவில்லை, சும்மா சாலையில் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டார்கள். சுடாதவர்களைச் சுட முடியாது. கொட்டாமல் மேலே போகவும் முடியாது.

“என்ன செஞ்சீங்க?”

“கொட்டினோம். குழாயத் திறந்து விட்டேன். ரோட்ல ஓடி ஐஸாப் போச்சி.” துணியால் கையைத் துடைத்துக்கொண்டான். “அப்புறம் திரும்பிப் போயி ரொப்பிட்டு வந்தோம். மறுபடியும் கொட்டச் சொன்னாங்க. மறுபடியும் ரொப்பிட்டு வந்தோம். மூணாவது தடவ இருட்டப் போற நேரம். அவங்களுக்கும் குளிருது. நாற்காலிய எடுத்துட்டாங்க.”

அம்மா அரிசி களைவதை நிறுத்திவிட்டு வாசற்படிக்கு வந்திருந்தார். அவருக்கும் இது புதிது.

“நீ இத எழுதவே இல்லியே ஐயா.”

“எழுதினா நீங்க தூங்க மாட்டீங்கம்மா.”

என்றாவது கேமரா முன்னால் இதைச் சொல்வீர்களா என்று கேட்டேன். முடியாது என்றான். இன்னும் சீருடையில் இருக்கிறான். பேச அனுமதி கேட்க வேண்டும், அதைக் கேட்க அவனுக்கு விருப்பமில்லை. “பேரு, ஊரு இல்லாம நீங்க சொல்லுங்க அக்கா. ஆனா நான் ஏதோ பெரிசா செஞ்ச மாதிரி சொல்லாதீங்க. தண்ணி கொண்டு போறது என் வேல.”

அதே ஆண்டு ஜெர்மனியின் உச்ச அரசியல் சட்ட நீதிமன்றம் தீர்ப்பு ஒன்றைச் சொன்னது. சிப்பாய்களை எல்லைக்கு வெளியே அனுப்பலாம், ஆனால் ஒவ்வொரு முறையும் நாடாளுமன்றத்தின் சம்மதம் வேண்டும். நான் ஆய்வில் எழுதிய பிடிவாதம் முடிவுக்கு வந்துவிட்டது. நண்பர் ஒருவர் தீர்ப்பின் நகலை அஞ்சலில் அனுப்பியிருந்தார். ஒரு வாரம் உட்கார்ந்து படித்தேன். படித்து முடித்த வாரத்தில் தயாரிப்பாளர் தொலைபேசியில் கூப்பிட்டார்.

“அக்கா, ஜெர்மன் படை வெளிய போறதப் பத்தி ஒரு படம். இங்க அத ஜெர்மன்லயே படிச்ச ஆளு நீங்க ஒருத்தர்தான்.”

“அன்னிக்குச் சொன்னதுதான். வெட்டினத நான் பாக்கணும்.”

“சரி. உங்க பகுதி மட்டும்.”

“இன்னொண்ணு. இதையே தமிழ்ல அரை மணி நேரம் செய்யணும். எழுதுறதும் பேசுறதும் நான்.”

“தமிழ்லயா? ஜெர்மன் வெளியுறவுக் கொள்கையவா? யாரு பாப்பா?”

“கிள்ளான் கேண்டீன்ல பாப்பாங்க. அவங்ககிட்டதான் நான் முதல்ல பதில் சொல்லணும்.”

அவர் சிரிப்பார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. ஒரு பகல் நேர இடம் காலியாக இருக்கிறது, கேட்டுப் பார்க்கிறேன் என்றார். நான்கு முறை அவரைக் கூப்பிட்டு நினைவூட்டினேன். ஐந்தாவது முறை, “கிடைச்சிருச்சி, இனிமே கூப்பிடாதீங்க” என்றார்.

எழுத உட்கார்ந்தபோதுதான் பெரிய தடை முதல் வரியிலேயே வந்தது. ‘அமைதிப் படை’ என்று எழுதினேன். கீழ்மாடியில் ஒரு யாழ்ப்பாணத்துப் பெரியவர் இருந்தார், அரசாங்க அலுவலகத்தில் கணக்கராக இருந்து ஓய்வு பெற்றவர். தமிழ் பிழை பார்ப்பதில் கெட்டிக்காரர். முதல் பக்கங்களை அவரிடம் கொடுத்தேன். மறுநாள் அவரே படியேறி வந்து தாள்களைத் திருப்பிக் கொடுத்தார்.

“பிழை ஒண்டும் இல்லை பிள்ளை. ஆனா அந்தச் சொல்லை மட்டும் மாத்தேலுமே?”

“எந்தச் சொல் அங்கிள்?”

“அமைதிப் படை எண்டுறது. எங்கட தங்கச்சி அங்கயிருந்து வந்து இப்ப என்னோடதான் இருக்கிறா. அந்தச் சொல்லைக் கேட்டா எழும்பி அறைக்குள்ள போயிடுவா. நான் ஏன் எண்டு கேக்கிறேல்ல.”

நான் வெட்கப்பட்டேன். இலங்கையின் வடக்கில் அந்தப் பெயரோடு ஒரு படை வந்து போய்ச் சில ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. அந்தச் செய்திகளை நானும் படித்தவள்தான். ஆனால் என் மனத்தில் அது ஜெர்மன் சொல்லின் மொழிபெயர்ப்பாக மட்டும் இருந்தது. தமிழில் அந்தச் சொல்லுக்கு ஏற்கெனவே ஒரு வாழ்க்கை இருந்ததை நான் யோசிக்கவே இல்லை.

இரண்டு நாள் வேறு சொல் தேடினேன். காவல் படை என்றால் போலீஸ் ஆகிவிடும். நடுநிலைப் படை என்றால் அது உண்மையா என்பது வேறு கேள்வி. கடைசியில் ‘அமைதி காக்கப் போன படை’ என்று எழுதிக்கொண்டு கீழே போனேன்.

பெரியவர் அதை இரண்டு முறை வாய்க்குள் சொல்லிப் பார்த்தார்.

“போனது எண்டா சரி” என்றார். “காத்தது எண்டு நீங்கள் சொல்லேல்லத்தானே.”

அரை மணி நேரத்துக்கான உரையை முழுவதும் அப்படித்தான் எழுதினேன். தமிழில் எனக்கு ஒரு வசதி இருந்தது. வினை கடைசியில் வருகிறது. ஆம், இல்லை என்பதும் கடைசியில்தான் தெரிகிறது. ஜெர்மனிலும் நீண்ட வாக்கியங்களில் பல நேரம் அப்படித்தான். மறுபாதியைத் தனி வாக்கியமாக விடாமல் முதல் பாதிக்குள்ளேயே தைத்துவிட்டேன். ‘சுட அனுமதி இல்லாமல் அனுப்பப்பட்டதால் கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறார்கள் என்று தோன்றினாலும், நாள்தோறும் அதே சாலையில் தண்ணீர் கொண்டு போனவர்கள் அவர்கள்தான்.’ இதில் எங்கே வெட்டினாலும் வாக்கியம் அந்தரத்தில் நிற்கும்.

பதிவன்று சீனப் பெண்ணுக்குத் தமிழ் தெரியாததால் நான் பக்கத்தில் உட்கார்ந்து எங்கே முடிகிறது என்று கையைத் தூக்கிக் காட்டினேன். ஓர் இடத்தில் அவர், “இங்கே மூச்சு விடுங்கள். இல்லாவிட்டால் யாருக்கும் புரியாது” என்றார். அவர் சொன்னது சரி. மூச்சு விட்டேன், ஆனால் ‘ஆனாலும்’ என்ற சொல்லுக்குப் பிறகு விட்டேன். அவர் புரிந்துகொண்டு தலையாட்டினார்.

ஜெர்மனியைப் பற்றிய பகுதியில் அந்த ஊர்வலத்துத் துணியைப் பற்றிச் சொன்னேன். இரண்டு வரிகளும் பிரிந்துபோனதைச் சொன்னேன். நீதிமன்றம் அனுமதி கொடுத்துவிட்டதால் அவர்களுடைய கேள்வி தீர்ந்துவிடவில்லை, இனி ஒவ்வொரு முறையும் கையைத் தூக்கிச் சம்மதம் சொல்கிறவர்கள் அதற்குப் பொறுப்பேற்க வேண்டும் என்றேன். தண்ணீர் லோரியைப் பற்றிச் சொல்லும்போது குரலை உயர்த்தவில்லை. அவன் கேட்டுக்கொண்டபடியே, அது ஒருவனுடைய வேலை என்று சொன்னேன்.

தயாரிப்பாளர் முழுவதையும் கேட்டார். “ரொம்ப வறட்சியா இருக்கு அக்கா” என்றார். “ஆனா வெட்ட இடம் கொடுக்கல நீங்க.” ஒரு நொடியைக்கூட வெட்டாமல் அனுப்பினார்.

மலாய்ப் படம் என் சம்மதத்தோடு முன்பே வந்திருந்தது. ஒரு புதன்கிழமை பகலில் தமிழ்ப் படம் வந்தது. பெரிதாக யாரும் கவனிக்கவில்லை. ஒரு நேயர், போஸ்னியாவில் இன்ன தரப்பை நான் போதுமான அளவு கண்டிக்கவில்லை என்று நிலையத்துக்குக் கடிதம் எழுதினார். இன்னொருவர் எதிர்த்திசையில் அதையே எழுதினார். அதற்குப் பிறகு ஏறக்குறைய ஓராண்டு யாரும் என்னைப் பேச அழைக்கவில்லை. வருத்தம் இருந்தது. இல்லையென்று சொன்னால் அது பொய். தொழிற்சாலையில் பொறியாளர்களுக்குத் துணைவாக்கியங்களில் வினை எங்கே வரும் என்று எழுதிக் காட்டிக்கொண்டிருந்தேன். வீட்டில் செய்தித்தாள்களை வெட்டி ஒட்டி வைப்பதை நிறுத்தவில்லை.

படம் வந்த அன்று மாலை கிள்ளானிலிருந்து தொலைபேசி வந்தது. கேண்டீனில் ஒரு சின்ன டிவி உண்டாம். சமையலை முடித்துவிட்டு எல்லாரும் பார்த்திருக்கிறார்கள்.

“அந்தப் பொம்பளயும் பாத்தா” என்றார் அம்மாள்.

“ஏதாவது சொன்னாங்களா?”

“ஒண்ணும் சொல்லல. மூணு தடவயா ரொப்பினான்னு கேட்டா. ஆமான்னேன்.” பிறகு கொஞ்சம் தயங்கினார். “டீச்சர், ஜெர்மன்காரனப் பத்திப் பேசினது எனக்குப் பாதிதான் வெளங்குச்சி. அவங்க புள்ளைங்களும் இனிமே போவாங்களா?”

“போவாங்கம்மா. நாடாளுமன்றம் சம்மதிச்சா போவாங்க.”

“அப்ப அங்கயும் அம்மாங்க இருப்பாங்களே.”

இருப்பார்கள் என்றேன். அந்தக் கேள்வியை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டேன். அடுத்த ஆண்டு தயாரிப்பாளர் மறுபடி கூப்பிட்டார். போர் நின்றிருந்தது. ஜெர்மனி முதல் முறையாகப் பெரிய படை ஒன்றை அங்கே அனுப்புவதாக இருந்தது. பழைய நிபந்தனைதானே என்று அவரே கேட்டார். அதேதான் என்றேன். இந்த முறை அதை ஒப்பந்தத்தில் எழுத்தில் போடச் சொன்னேன். போட்டார். கையெழுத்து வாங்கிக்கொண்டு, அந்த அம்மாளின் கேள்வியிலிருந்து எழுத ஆரம்பித்தேன்.